ட்ரம்பெட்காரியின் உதடு

ஏப்ரல் 28, திங்கள்

ஜனவரியில் யாரோ கொடுத்த டைரி. இதுவரை எழுத ஒன்றும் இல்லாமல் கிடந்தது. இன்று இருக்கிறது.

காலைக் கவாத்து முடிந்ததும் இன்ஸ்பெக்டர் வேதநாயகம் ஐயா எல்லோர் முன்னாலும் அறிவித்துவிட்டார். ஆகஸ்டு பதினைந்தாம் தேதி கொடி ஏறுவதற்கு முன் தனியாக ஒலிக்கும் ட்ரம்பெட் அழைப்பை இந்த ஆண்டு நான் ஊதுகிறேன். எங்கள் ஆயுதப்படை பேண்ட் தொடங்கிய நாளிலிருந்து அதை ஆண்கள்தான் ஊதியிருக்கிறார்கள். மரியதாஸ் ஏட்டு ஓய்வு பெற்றதும் அந்த இடம் ஆறுமுகநயினாருக்குத்தான் என்று கேன்டீன்காரர் வரைக்கும் முடிவு கட்டி வைத்திருந்தார்கள்.

நயினார் கை கொடுத்தார். நன்றாக அழுத்தித்தான் கொடுத்தார். ஆனால் என் கண்ணைப் பார்க்கவில்லை. வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார். பார்க்கட்டும். ஊதப்போகிற வாய் இதுதான்.

என் வீட்டுக்காரர் சாலமோன் துறைமுகத்தில் கிரேன் வேலை முடிந்து வரும்போது ஒரு பெட்டி முந்திரி மக்ரூன் வாங்கி வந்து பக்கத்து வீடுகளுக்கெல்லாம் கொடுத்தார். அம்மாவுக்குப் போன் போட்டேன். அம்மா இப்போதும் உப்பளத்தில் கூலிக்குப் போகிறாள். சந்தோஷப்படுவாள் என்று நினைத்தேன். "வெயில்ல நின்னா ஊதணும்?" என்று மட்டும் கேட்டாள்.

மே 3, சனி

பயிற்சி ஆறரைக்குத் தொடங்கி பத்து மணி வரை போனது. மைதானத்தின் நடுவில் கொடிக்கம்பத்துக்கு நேராக நின்று ஊதிப் பார்க்கச் சொன்னார் ஐயா. அந்த அழைப்பின் கடைசிச் சுரம் மேலே ஏறி அங்கேயே நிற்க வேண்டும். கீழே இறங்கக் கூடாது, நடுங்கக் கூடாது. இன்று நின்றது. கம்பத்தின் உச்சியில் இருந்த காகம்கூடப் பறக்காமல் கேட்டது.

ஒன்பது மணிக்கே கிளாரினெட்காரர்கள் இரண்டு பேர் மரத்தடிக்கு ஒதுங்கினார்கள். நான் ஒதுங்கவில்லை. உப்பளத்தில் வளர்ந்தவளுக்கு இதெல்லாம் வெயிலே இல்லை.

சீருடைக்குக் கஞ்சி போட்டேன். பித்தளைப் பொத்தான்களைத் துடைத்தேன்.

மே 10, சனி

தேரோட்டம். கூட்டம் அதிகம் என்று பேண்ட் ஆட்களையும் பந்தோபஸ்துக்கு அனுப்பிவிட்டார்கள். எனக்கு நாற்சந்தி. காலையிலிருந்து தேர் நிலைக்கு வரும் வரை அங்கேயேதான். தொப்பியின் விளிம்பு நெற்றிக்கு நிழல் தருகிறது, அதற்குக் கீழே ஒன்றும் இல்லை. புதிதாகப் போட்ட சிமெண்டுச் சாலை. வெயில் மேலிருந்து வந்ததைவிடக் கீழிருந்து அதிகமாக அடித்தது. உதடு காய்ந்து காய்ந்து போனது. எச்சிலால் நனைத்துக்கொண்டே இருந்தேன்.

மற்றவர்கள் மதியம் மாற்றிக்கொண்டார்கள். எனக்கு மாற்றாக வந்த பெண் காவலர் மயங்கி உட்கார்ந்துவிட்டாள். அவளை ஜீப்பில் ஏற்றி அனுப்பிவிட்டு நானே நின்றேன். டி.எஸ்.பி. கடந்து போகும்போது பார்த்துத் தலையசைத்தார்.

மே 11, ஞாயிறு

கீழுதடு வீங்கியிருக்கிறது. சர்ச்சுக்குப் போகவில்லை, துணி துவைக்க நிறைய இருந்தது.

மே 12, திங்கள்

உதட்டில் சிறு சிறு கொப்புளங்கள். வெயில் பட்டால் யாருக்கும் வருவதுதான். பேண்டில் ஆளுக்கொரு வைத்தியம் சொன்னார்கள். தேங்காய் எண்ணெய் என்றார் ஒருவர். பெரிய மேளம் அடிக்கும் சுடலைமணி, எலுமிச்சைச் சாற்றில் தேன் குழைத்துப் போட்டால் ஒரே நாளில் ஆறும் என்றார். போட்டுக்கொண்டு பயிற்சிக்கு நின்றேன். தீயை வைத்ததுபோல் இருந்தது. எரிந்தால் மருந்து வேலை செய்கிறது என்று அர்த்தமாம்.

கடைசிச் சுரம் இன்று ஏறவில்லை. காற்று சரியில்லை.

மே 15, வியாழன்

தோல் உரிகிறது. உரிந்ததைப் பிய்த்துவிட்டேன். வீட்டில் மீன்குழம்பு காரமே இல்லாமல் இருக்கிறது. சாலமோன்தான் இந்த வாரம் சமைக்கிறார். கடைக்காரன் கொடுக்கும் மிளகாய்ப்பொடி சரியில்லை போல.

மே 21, புதன்

வீக்கம் வடிந்துவிட்டது. எல்லாம் பழையபடி. இடது பக்கம் கீழுதட்டில் மிளகு அகலத்துக்கு வெள்ளையாக ஒரு பொருக்கு மட்டும் இருக்கிறது. இது முன்பே இருந்ததுதான். ட்ரம்பெட்டின் மவுத்பீஸ் பதிந்து பதிந்து வந்த தழும்பு. ஊதுகிறவர்கள் எல்லோருக்கும் இருக்கும்.

நயினாருக்கு இருக்கிறதா என்று இன்று பார்த்தேன். அவருக்கு இல்லை. அவர் என்ன பெரிதாக ஊதிவிட்டார்.

ஜூன் 5, வியாழன்

பயிற்சியின் நடுவில் பொருக்கு வெடித்து மவுத்பீஸில் ரத்தம் பட்டது. கைக்குட்டையால் துடைத்துவிட்டு மறுபடி ஊதினேன். சுரம் ஏறியது. ரத்தத்தோடு ஏறியது என்று யாருக்கும் தெரியாது. பக்கத்தில் நின்ற நயினார் மட்டும் தண்ணீர் பாட்டிலை நீட்டினார். வேண்டாம் என்றேன்.

ஜூன் 8, ஞாயிறு

மார்க்கெட்டுக்குப் போகிற வழியில் வண்டியை ஆஸ்பத்திரிச் சாலையில் திருப்பினேன். அந்தப் பக்க பங்கில் பெட்ரோல் நன்றாக இருக்கும். வாசலில் தோல் மருத்துவர் வரும் நாட்கள் எழுதியிருந்தது. புதன்கிழமை.

ஜூன் 11, புதன்

சாலமோனுக்குக் கையில் அரிப்பு என்று தோல் மருத்துவரிடம் போனோம். டாக்டர் பர்வீன். என் வயதுதான் இருக்கும். சாலமோனின் கையைப் பார்த்துவிட்டு, இதற்கு ஒன்றும் தேவையில்லை என்றார். பிறகு சாலமோன் நாற்காலியை விட்டு எழுந்து என்னை அதில் உட்கார வைத்தார். இருவரும் முன்கூட்டியே பேசி வைத்ததுபோல் இருந்தது.

டாக்டர் விளக்கை இழுத்து வைத்து வெகுநேரம் பார்த்தார். எத்தனை காலமாக வெயிலில் வேலை என்று கேட்டார். பேண்டுக்கு வந்து பதினாறு வருடம் என்றேன். அதற்கு முன் என்றார். பள்ளி லீவு நாளெல்லாம் அம்மா அப்பாவோடு உப்பளத்தில் என்றேன். உப்பு வெள்ளை வெளேரென்று இருக்குமே, வெயில் கீழிருந்தும் முகத்தில் அடிக்குமே என்றார். ஆமாம், உதட்டில்தான் முதலில் தெரியும் என்றேன். குடும்பத்தில் யாருக்காவது வாயில் இப்படி இருந்ததா என்று கேட்டார்.

அப்பாவுக்கு என்றேன்.

டாக்டர் அதைக் குறித்துக்கொண்டார்.

வெயிலில் வெந்த உதட்டுக்கு என்ன செய்திருக்க வேண்டும் என்று சொன்னார். குளிர்ந்த நீரில் நனைத்த துணியை ஒற்றி, வெறும் வாஸ்லின் தடவி, ஆறும் வரை ஊதாமல் இருந்திருக்க வேண்டும். நக்கக் கூடாது, எச்சில் காயும்போது உதட்டையும் சேர்த்துக் காய வைக்கும். தோலைப் பிய்க்கக் கூடாது. எலுமிச்சையைக் கேட்டதும் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். அதைத் தடவிக்கொண்டு வெயிலில் நிற்பது புண்ணை வேண்டி வாங்குவதாம். இந்த வெள்ளைப் பொருக்கு அந்த ஒரு நாள் வெயிலால் வந்ததில்லை, பல வருடமாகச் சேர்ந்தது, கொஞ்சம் வெட்டியெடுத்துப் பரிசோதிக்க வேண்டும் என்றார்.

வருகிற வெள்ளிக்கிழமை. தையல் போடுவார்களாம். வெளியே வந்ததும் சாலமோனின் கையைப் பார்த்தேன். அரிப்பும் இல்லை, ஒன்றும் இல்லை.

ஜூன் 13, வெள்ளி

ஆயிற்று. சத்தம் போடவில்லை. மரத்துப்போக ஊசி போட்டிருந்தார்கள், அது இல்லாவிட்டாலும் போட்டிருக்க மாட்டேன். இன்ஸ்பெக்டர் ஐயாவிடம் பல்வலி என்று லீவு.

ஜூன் 17, செவ்வாய்

சமையலறை அலமாரி எல்லாவற்றையும் இறக்கிக் கழுவினேன். ஜன்னல் கம்பிகள். மின்விசிறி. அரிசி டின்கள். இன்னும் மாடிப்படி பாக்கி.

ஜூன் 24, செவ்வாய்

புற்று இல்லை.

ஆனால் தோலின் உள்ளே மாற்றம் தொடங்கியிருக்கிறது, இப்படியே விட்டால் இப்படியே இருக்கும் என்று யாரும் உறுதி சொல்ல முடியாது என்றார் டாக்டர். ஒரு களிம்பு இருக்கிறது. அதைச் சில வாரம் தடவினால் கெட்ட தோல் எல்லாம் புண்ணாகி, பொருக்குத் தட்டி, உதிர்ந்து, புதுத்தோல் வரும். அதுவரை உதடு பார்க்கச் சகிக்காது. அதன் பிறகும் உடனே மவுத்பீஸை அழுத்தக் கூடாது.

ஆகஸ்டு பதினைந்தைச் சொன்னேன். அது முடிந்த மறுநாளே தொடங்குகிறேன் என்றேன். டாக்டர் கொஞ்சம் யோசித்துவிட்டு, "நான் கட்டாயப்படுத்த முடியாது. ஆனா அதுவரைக்கும் நீங்க அதே வெயில்லதான் நிப்பீங்க, அதே இடத்துலதான் அழுத்துவீங்க" என்றார்.

ஆகஸ்டுக்குப் பிறகு என்று முடிவு செய்துவிட்டேன். சாலமோன் இரவு சாப்பிடவில்லை.

ஜூன் 25, புதன்

காலையில் அம்மா வந்து நின்றாள். உப்பளத்துக்குப் போகாமல், வெள்ளைச் சேலை கட்டிக்கொண்டு. சாலமோன்தான் போன் போட்டிருக்க வேண்டும். என் உதட்டை அவள் பார்க்கவே இல்லை. அடுப்படியில் உட்கார்ந்து முருங்கைக்கீரை உருவினாள். நான் பேசினேன். ஏழு வாரம்தான், அந்த ஒரு நாள் முடிந்துவிட்டால் பிறகு எவ்வளவு வேண்டுமானாலும் மருந்து போடுகிறேன், இந்த இடம் ஒருமுறை கைவிட்டுப் போனால் மறுபடி ஒரு பெண்ணுக்குத் தரமாட்டார்கள் என்றெல்லாம் சொன்னேன்.

அம்மா கீரையிலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்னாள்.

"உங்க அப்பாவும் இதத்தான் சொன்னாவ. உப்பு வாரி முடியட்டும், மழை வரட்டும், பெறவு பாத்துக்கிடலாம்னாவ. மழை வந்துச்சு. அப்போ கஞ்சி குடிக்க வாயத் தொறக்க முடியல."

இதை அவள் இத்தனை வருடத்தில் ஒருமுறைகூடச் சொன்னதில்லை. நானும் கேட்டதில்லை. அப்போது நான் பத்தாம் வகுப்பு. அப்பாவின் அறைப் பக்கம் போகாமல் இருக்க எவ்வளவு நேரம் முடியுமோ அவ்வளவு நேரம் பள்ளியில் இருந்தேன். சர்ச் பேண்டில் ட்ரம்பெட் கற்றுக்கொண்டது அந்த ஆண்டுதான்.

"அது வேற, இது வேறம்மா. எனக்குப் புத்து இல்லன்னு சொல்லியாச்சு" என்றேன்.

"நீ ஊதலன்னா கொடி ஏறாமலா போவும்?"

அந்தக் கேள்வி எனக்குப் பிடிக்கவில்லை. வெகுநேரம் பிடிக்கவில்லை. கொடி ஏறத்தான் செய்யும்.

மாலையில் களிம்பை வாங்கி வந்து தடவினேன்.

ஜூன் 26, வியாழன்

இன்ஸ்பெக்டர் ஐயாவை அறையில் தனியாகப் பார்த்திருக்கலாம். உடல்நிலை காரணமாக என்று அவர் அறிவித்திருப்பார். பின்னாலிருந்து பாவம் என்பார்கள். அது எனக்கு வேண்டாம். பேண்ட் வரிசையில் நின்றதும் ஓரடி முன்னால் வந்து நானே சொன்னேன்.

"ஐயா, வெயில் பட்டுப்பட்டு என் கீழுதடு கெட்டுருக்கு. மருந்து போடுதேன். ஆகஸ்டுல என்னால ஊத முடியாது. நயினார் ஊதட்டும். ஜனவரி இருபத்தாறு எனக்கு வேணும்."

ஐயா என்னையே பார்த்தார். வேறு ஏதாவது உண்டா என்றார். உண்டு என்றேன். பயிற்சியை விடிந்ததும் தொடங்கி வெயில் ஏறுமுன் முடிக்க வேண்டும், முடியாத நாளில் தூங்குமூஞ்சி மரத்தடியில் வைத்துக்கொள்ள வேண்டும், பந்தோபஸ்துக்கு அனுப்பினால் அகல விளிம்புத் தொப்பி தர வேண்டும் என்றேன். பேண்ட் என்றால் வெயிலில்தான் நிற்கும், இத்தனை காலம் யார் செத்துப்போனார்கள் என்றார் ஐயா.

அப்போதுதான் சுடலைமணி, எலுமிச்சை வைத்தியம் சொன்னவர், மேளத்தைக் கழற்றி வைத்துவிட்டு என் முன்னால் வந்து நின்றார். தன் உதட்டை விரலால் கீழே இழுத்துப் பிடித்துக்கொண்டு, "எக்கா, இது என்னன்னு பாருங்க" என்றார்.

ஓரத்தில் வெள்ளையாக இருந்தது. நான் என்னத்தைக் கண்டேன். ஆனால் டாக்டரிடம் போக வேண்டிய உதடு எது என்று எனக்குத் தெரியும்.

ஐயா கலைந்து போகச் சொல்லிவிட்டார். முகம் சரியில்லை.

ஜூலை 4, வெள்ளி

ஐயாவே ஏற்பாடு செய்து டாக்டர் பர்வீனை வரவழைத்தார். மரத்தடியில் நாற்காலி போட்டு டாக்டர் எல்லோரையும் வரிசையாக உட்கார வைத்துப் பார்த்தார். சுடலைமணியை ஆஸ்பத்திரிக்கு வரச் சொன்னார். டியூபா ஊதுகிறவரின் வெற்றிலையைப் பிடுங்காத குறை. கடைசியாக ஐயாவும் தொப்பியைக் கழற்றிவிட்டு உட்கார்ந்தார். வெறும் வறட்சிதான், நிறையத் தண்ணீர் குடியுங்கள் என்றார் டாக்டர். ஐயா எழுந்து நடந்தபோது கொஞ்சம் வேகமாக நடந்ததுபோல் இருந்தது.

பிறகு வெயில் தடுக்கும் லிப் பாம் என்கிற உதட்டுக் குச்சியை ஆளுக்கு ஒன்று கொடுத்து எப்படிப் போடுவது என்று காட்டினார். கிளம்புமுன் ஒருமுறை, வெயிலில் நின்றால் இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை, சாப்பிட்டதும் மறுபடி. வாசனையும் மினுமினுப்பும் மட்டும் உள்ளது வேண்டாம், அதில் தடுப்பு இல்லை. அதைப் போட்டால் மவுத்பீஸ் வழுக்குமே என்று நயினார் கேட்டார். ஊதுமுன் துடைத்துவிட்டு, ஊதி முடித்ததும் மறுபடி போடச் சொன்னார்.

ஆயுதப்படை ஆண்கள் வரிசையாக நின்று, மீசையில் படாமல் உதட்டுக்கு மருந்து தடவிய காட்சியை இந்த மாவட்டம் இதற்கு முன் பார்த்ததில்லை. காரணம் நான்.

ஜூலை 8, செவ்வாய்

கஞ்சி. ஸ்ட்ரா போட்டு.

ஜூலை 12, சனி

கண்ணாடியைத் துணி போட்டு மூடிவிட்டேன். தூசி படிகிறது.

ஜூலை 19, சனி

களிம்பை நிறுத்தச் சொல்லிவிட்டார். இனி வாஸ்லின் மட்டும். சாலமோன் நுங்கு வாங்கி வந்து உரித்துத் தந்தார். இந்தச் சில வாரங்களில் முதல்முறையாக எரியாமல் ஒன்று தொண்டைக்குள் இறங்கியது. நான் சிரித்தேன் போல. உதடு வெடிக்கும், சிரிக்காதே என்றார். அவர் முகம்தான் கோணிக்கொண்டு போனது.

ஆகஸ்டு 15, வெள்ளி

ஐயா லீவு எடுத்துக்கொள்ளச் சொல்லியிருந்தார். எடுக்கவில்லை. ஊத முடியாவிட்டால் என்ன, கை இருக்கிறது. சிம்பல் என்கிற இரண்டு பித்தளைத் தட்டுகளை வாங்கிக்கொண்டு கடைசி வரிசையில் நின்றேன். இந்த ஆண்டு பேண்டுக்கும் பந்தல் போட்டிருந்தார்கள். புதுத்தோல் வந்த உதட்டில் மருந்து தடவியிருந்தேன். எதிரே கூட்டத்தில் இருந்தவர்களுக்கு உதட்டுச்சாயம் போலத் தெரிந்திருக்கும். தெரிந்தால் தெரியட்டும்.

நயினார் முன்னால் போய் நின்று ஊதினார். நன்றாக ஊதினார். கடைசிச் சுரம் ஏறியது, நின்றது, முடியும் இடத்தில் ஒரு நூல் அளவு நடுங்கியது. கலெக்டருக்குத் தெரியாது. எஸ்.பி.க்குத் தெரியாது. எனக்குத் தெரியும், அவருக்கும் தெரியும். நடுங்க வேண்டும் என்று நினைத்தேனா, நடுங்கக் கூடாது என்று நினைத்தேனா தெரியவில்லை.

கொடி ஏறியது. தேசிய கீதத்துக்கு நான் அடித்த சிம்பல் ஒன்றுகூடத் தாளம் பிசகவில்லை.

செப்டம்பர் 14, ஞாயிறு

டாக்டர் அனுமதி கொடுத்தார். மரத்தடியில் உட்கார்ந்து ஊதினேன். காற்றுதான் வந்தது. பேண்டில் பதினாறு வருடம் ஊதிய வாயிலிருந்து வெறும் காற்று. தையல் போட்ட இடத்தில் மவுத்பீஸ் உட்கார மறுக்கிறது. கொஞ்சம் வலது பக்கம் நகர்த்தி வைத்துப் பழக வேண்டும். புதிதாகச் சேர்ந்த பையன் ஊதுவதுபோல் ஊத வேண்டும்.

நயினார் வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். கீழ்ச் சுரம் ஒன்றை மெதுவாகப் பிடித்தார். நானும் அதைப் பிடிக்கப் பார்த்தேன். இரண்டு பேரும் அந்த ஒரே சுரத்தை வெகுநேரம் ஊதிக்கொண்டிருந்தோம். போகும்போது சொன்னார்.

"அந்த வெள்ளைய ஏப்ரல்லயே பாத்தேன்க்கா. சொன்னா, எடத்துக்காகச் சொல்லுதான்னு நெனப்பீங்கன்னு பேசாம இருந்துட்டேன்."

நினைத்திருப்பேன் என்றேன். உண்மை அதுதான். இருவரும் சிரித்தோம். உதடு வெடிக்கவில்லை.

நவம்பர் 3, திங்கள்

மழை. உப்பளத்தில் வேலை இல்லை என்பதால் அம்மாவைப் பிடித்து டாக்டரிடம் கூட்டிப் போனேன். அம்மாவின் உதட்டில் பயப்பட ஒன்றும் இல்லை. தலையில் கூடையைச் சுமக்கிறவள் தொப்பி எங்கே போடுவது என்று டாக்டரிடம் சண்டைக்குப் போனாள். கடைசியில் துண்டை மூக்குக்குக் கீழே சுற்றிக் கட்டுவது என்று இருவரும் ஒப்புக்கொண்டார்கள். நான் கொடுத்திருந்த உதட்டுக் குச்சி எங்கே என்று கேட்டேன். வேலைக்கு வரும் பெண்கள் எல்லோருக்கும் விரலால் எடுத்துக் கொடுத்ததில் ஒரே நாளில் தீர்ந்துவிட்டதாம். ஒரு டஜன் வாங்கிக் கொடுத்தேன்.

டிசம்பர் 20, சனி

மேல் சுரம் வந்தது. வந்து, என்னைப் பார்த்துவிட்டு, போய்விட்டது. ஆனால் வந்தது.

ஜனவரி 26, திங்கள்

விடியும்போது பனி. எட்டு மணிக்கு நல்ல வெயில். பந்தலிலிருந்து கொடிக்கம்பம் வரை தனியாக நடந்து போனேன். உதட்டைத் துடைத்தேன். மவுத்பீஸை வலது பக்கம் நகர்த்தி வைத்தேன். அது இப்போது அங்கேதான் இருக்கும், இனி எப்போதும்.

ஊதினேன்.

இதற்கு மேல் எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. கடைசிச் சுரம் ஏறியது. நின்றது. மூச்சு தீரும் இடத்திலும் நின்றது. நான் நிறுத்தியதால்தான் நின்றது. திரும்பி வரும்போது வரிசையில் யாரும் அசையக் கூடாது என்பது விதி. நயினார் அசையவில்லை. ஆனால் அவர் கன்னம் நனைந்திருந்தது. இன்ஸ்பெக்டர் ஐயா முறைப்படி எனக்கு வணக்கம் வைக்க வேண்டியதில்லை. வைத்தார்.

அம்மா கூட்டத்தோடு கயிற்றுக்கு அந்தப் பக்கம் நின்றிருக்கிறாள். உப்பளத்துப் பெண்கள் நான்கைந்து பேரையும் கூட்டி வந்திருந்தாள். என் மகள் என்று யாரிடமும் சொல்லவில்லையாம். சாலமோன்தான் சுற்றியிருந்த எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தாராம்.

மாலையில் வீட்டுக்கு வந்தாள். காபி குடித்து முடித்தாள். பிறகு என் முகவாயைப் பிடித்து ஜன்னல் வெளிச்சத்துக்குத் திருப்பினாள். இத்தனை மாதத்தில் ஒருமுறைகூடப் பார்க்காதவள், இப்போது பார்த்தாள். இந்தப் பக்கம், அந்தப் பக்கம் திருப்பி, கண்ணைச் சுருக்கிக்கொண்டு. உப்பேறிய கட்டைவிரலால் கீழுதட்டை ஓரத்திலிருந்து ஓரம் வரைக்கும் தடவிப் பார்த்தாள்.

"நல்லாருக்கு" என்றாள்.

உதட்டையா, ஊதியதையா என்று நான் கேட்கவில்லை.